ஆளுக்கு மூன்று

ஆகஸ்ட் பதினொன்று. மதியம் ஒன்றேகால்.
ஷார்ஜா, தொழிற்பேட்டை.
ஏசி ஒருமுறை இருமிவிட்டு நின்றது.

கிடங்கில் ஆயிரத்து அறுநூற்று நாற்பது தோல் ஜாக்கெட்டுகள்
தலையில்லாமல் தோளோடு தோள் உரசித் தொங்கின.
ஆட்டுத்தோல் கறுப்பு, ஆட்டுத்தோல் காப்பி,
மாட்டுத்தோலில் பெல்ட் வைத்தது, வைக்காதது.
சியால்கோட்டில் தைத்து
இங்கே எண்ணி
எஸ்தோனியாவுக்கு ஏற்ற வேண்டிய சரக்கு.
எண்ணுகிறவன் நான்.

எஸ்தோனியா,
உலகப் படத்தில் என் சுண்டுவிரல் நகத்துக்குள் அடங்கும்.
மதுரையின் சனம்கூடத் தேறாதாம்.
இருந்தும் ஐம்பத்திரண்டாம் சைசுக்கு
வருஷா வருஷம் தட்டுப்பாடு.
அந்த நாட்டைப் பற்றி எனக்குத் தெரிந்ததெல்லாம்
திரும்பி வந்த சரக்கின் பைகளில் கிடந்தவை:
ஒரு டிராம் டிக்கெட்,
ஒற்றைக் கையுறை,
பெயர் தெரியாத பழத்தின் கொட்டை,
மூக்குச் சிந்திக் கசக்கிய காகிதம்.
சளி பிடிக்கும் மனிதர்கள்தான்.
ஸ்டாக் ரிஜிஸ்தரில் அதற்குக் கட்டம் இல்லை.

ஆகஸ்டில் இங்கே சுவரே வியர்க்கும்.
இருட்டுவதற்குள் பூஞ்சை ஏறிவிடும் என்றான் சர்ஃபராஸ்.
தோலை மோந்தே ஆட்டின் வயதைச் சொல்கிறவன்,
நாங்கள் யாரும் சரிபார்த்ததில்லை.

பக்கத்தில் சாக்லேட் கிடங்கு. பதினாறு டிகிரி.
இடம் தருகிறோம் என்றார்கள்.
இடையில் நூற்றெழுபது அடி வெயில்.
ஃபோர்க்லிஃப்டில் சார்ஜ் இல்லை,
தள்ளுவண்டிக்கு மூன்றே சக்கரம்.
கையில் அள்ளினால் மடிப்பு விழும்,
மடிப்பு விழுந்தால் பி கிரேடு.
ஆகவே போட்டுக்கொண்டோம்.

முதலில் கறுப்புக் குப்பைப் பை,
தலைக்கும் கைக்கும் ஓட்டை வெட்டி,
லைனிங்கில் வியர்வை படக்கூடாதல்லவா.
அதன்மேல் ஆளுக்கு மூன்று ஜாக்கெட்.
சின்னது உள்ளே, பெரியது வெளியே.
ஒன்பது பேர், அறுபத்தோரு நடை.
கணக்குப் போட்டதும் நான்தான்.

பன்னிரண்டரைக்கு மேல் மூன்று மணிவரை
வெளியில் வேலை வாங்கக்கூடாது என்பது சட்டம்.
இது வேலையில்லை,
உடுத்திக்கொண்டு நடப்பது
என்றார் மேனேஜர் தோஷி, கதவுக்கு உட்பக்கம் நின்று.

கைகள் மடங்கவில்லை.
பெங்குவின் போல் போனோம்.
இன்னாசி முதல் நடையில் மாடல் அழகியாய் இடுப்பை ஆட்டிக் காட்டினான்,
சாலையோரம் ஒரு டாக்சிக்காரன் நிறுத்திப் படம் எடுத்தான்,
சிரித்தோம்.
பத்தாவது நடையில் யாரும் யாரையும் பார்க்கவில்லை.

இருபத்து மூன்றாவதில் பிக்ரம் தாபா
நடைபாதை விளிம்பில் உட்கார்ந்தான்.
பிறகு சாய்ந்தான்.
எங்களில் பனியைக் கண்ணால் பார்த்தவன் அவன் ஒருவன்தான்.
சர்ஃபராஸ் தண்ணீர் பாட்டிலோடு ஓடிவந்தான்.
அப்போதுதான் ஒரு குரல் கத்தியது:
"முதலில் கோட்டைக் கழற்று!"

அவன் மூச்சுக்காகவா,
தோலில் தண்ணீர் படாமலிருக்கவா?
மேனேஜர் என்றால் எளிதாக முடிவு கட்டியிருப்பேன்.
கத்தியது நான்.

ஆம்புலன்ஸ் போனபின் எட்டுப் பேர்.
கணக்கு மாறியது,
திரும்பப் போட்டேன்.

இரவு எட்டரைக்கு முடிந்தது.
சாக்லேட் பெட்டிகளுக்கு நடுவே
குப்பைப் பையோடு உட்கார்ந்திருந்தோம்.
வியர்வை குளிர்ந்து பற்கள் அடித்தன.
கைக்கெட்டும் தூரத்தில் ஆயிரத்து அறுநூற்றுச் சொச்சம் ஜாக்கெட்.
ஒருவரும் எடுக்கவில்லை.
எடுக்கக்கூடாது என்று யாரும் சொல்லவுமில்லை.

தாலினிலிருந்து ரைவோ அழைத்தான்.
அவன் பக்கம் மழை கொட்டுவது கேட்டது.
சரக்கு பத்திரமா?
பத்திரம்.
அங்கே வெயில் எப்படி?
பரவாயில்லை என்றேன்,
நாடி நடுங்கியது.

ரிஜிஸ்தரில் எழுதியது:
மூன்று உருப்படி, சி கிரேடு.
காரணம்: ஈரம்.

தாபா வியாழக்கிழமை வந்தான்.
கையில் ஊசி குத்திய தடம்.
எத்தனையாவது நடை வரைக்கும் நான் இருந்தேன் என்று கேட்டான்.
இருபத்து மூன்று என்றேன்.
இருபத்திரண்டரை என்று திருத்தினான்.